ஜன்னல் வழியே ஒரு கைக்குட்டை

பயணி என்றால் யார் என்பதற்கு ரயில்வே சட்டத்தில் வரையறை உண்டு. செல்லத்தக்க பயணச்சீட்டுடன் பயணம் செய்கிற ஆள். கைக்குட்டை அந்த வரையறைக்குள் வராது. இதை நான் அவரிடம் தாம்பரம் ஸ்டேஷன் நடைமேடையில், எண்பதுகளின் கடைசியில் ஒரு காலை நேரத்தில், பிரிவு எண்ணோடு எடுத்துச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். பிறகு, "சட்டம் காலைல நம்ம வண்டில ஏறிப் பாத்துருக்கா சார்?" என்று கேட்டுவிட்டு, உள்ளே வந்துகொண்டிருந்த ரயிலோடு சேர்ந்து ஓடினார்.

அவர் ஓடுவதைப் பார்க்க வேண்டும். கடற்கரையிலிருந்து வருகிற மின்சார ரயில் தாம்பரத்தில் ஆட்களைக் கொட்டிவிட்டு அப்படியே திரும்பிப் போகும். இறங்குகிறவர்களை இறங்கவிடாமல் ஏறுகிறவர்கள் முட்டுவது எங்கள் ஊர்க் காலைகளின் முதல் கடமை. அவர் வாசல் பக்கமே போகமாட்டார். ரயிலின் வேகத்துக்கு ஓடிக்கொண்டே, ஜன்னல் கம்பிகளுக்கு நடுவே கைக்குட்டைகளைச் சீட்டாட்டத்தில் சீட்டுப் போடுவதுபோல் விசிறிக்கொண்டே போவார். ஒவ்வொரு கைக்குட்டையின் மூலையிலும் ஒரு கொட்டைப்பாக்கு வைத்து முடிந்திருப்பார், காற்றில் பறக்காமல் இருக்க. ஒவ்வொருவருக்கும் தனித்தனி ஓரம். நான் காப்பிக் கலர். இன்சூரன்ஸ் ஆபீஸ்காரர் பச்சைக் கட்டம். டெலிபோன்ஸில் வேலை பார்த்த கிறிஸ்தவ அம்மாள் வெள்ளையில் ரோஜாப்பூ. நாங்கள் எல்லாரும் சாவகாசமாக ஏறி, அவரவர் ஓரத்தைப் பார்த்து உட்காருவோம். அவர் கைக்குட்டைகளைத் திரும்ப வாங்கிச் சட்டைப்பையில் அடுக்கிக்கொண்டு வாசலோரம் நின்றுகொள்வார். வியர்வையை முழங்கையால்தான் துடைப்பார். அந்தக் கைக்குட்டைகள் ஒருநாளும் கைக்குட்டையாகப் பயன்பட்டதில்லை.

அவருக்குப் பெயர் இருந்தது. பெட்டியில் யாரும் அதைப் பயன்படுத்தாததால் நானும் பயன்படுத்தப் போவதில்லை. "கர்ச்சீப் அண்ணன்" என்றுதான் எல்லாரும் கூப்பிட்டார்கள். நான் மட்டும் எப்படியும் கூப்பிடாமல், "இந்தாங்க" என்று சமாளித்தேன். துறைமுகத்தில் கப்பல் மூட்டைகளை எண்ணிக் குறிக்கிற வேலை. வீடு பீர்க்கன்கரணை ஏரிப் பக்கம். அவர்கள் குடும்பத்து நிலம் மனைகளாகப் பிரிந்து, எங்கிருந்தோ வந்த சர்க்கார் உத்தியோகஸ்தர்களான நாங்கள் அதில் கிணறு தோண்டி, வீடு கட்டி, தண்ணீர் உப்பு என்று குறை சொல்லிக்கொண்டிருந்தோம். அந்த வகையிலும் எங்களுக்கு இடம் கொடுத்தவர்.

நான் வேலை பார்த்தது தணிக்கைத் துறையில். மற்றவர்கள் செய்த செலவு விதிப்படிதானா என்று பார்ப்பது என் தொழில். வீட்டிலும் ரயிலிலும் அந்தப் பழக்கம் விடவில்லை என்று என் மனைவி சொல்வாள். கைக்குட்டை விஷயத்தில் நான் எழுப்பிய ஆட்சேபணை எதற்கும் அவரிடமிருந்து முறையான பதில் வந்ததில்லை. ஆட்சேபணை எழுப்பிவிட்டுக் காப்பிக் கலர் ஓரத்தைத் தள்ளி உட்கார்ந்துகொள்வேன்.

எப்போதும் ஒரு கைக்குட்டை அதிகமாகப் போடுவார். யாருக்கு என்று கேட்டால், "வர்றவங்களுக்கு" என்பார். குரோம்பேட்டையிலோ பல்லாவரத்திலோ யாராவது வருவார்கள்: வயிற்றைப் பிடித்துக்கொண்டு ஒரு கர்ப்பிணி, தோளில் தூங்கும் பிள்ளையோடு ஒருத்தி, கட்டுப்போட்ட காலோடு ஒரு கிழவர். ஒருநாள் தடித்த ஆள் ஒருவர் அந்தக் கைக்குட்டையைச் சுருட்டி ஓரமாக வீசிவிட்டு உட்கார்ந்துவிட்டார். நாங்கள் சண்டையை எதிர்பார்த்தோம்.

"உக்காருங்க சார். பரவால்ல," என்றார் இவர். "இந்த சீட்டுக்கு வர்றவருக்கு முட்டி ரெண்டும் போச்சு. வந்தார்னா நீங்களே சொல்லிடுங்க. எனக்குச் சொல்ல ஒரு மாதிரி கீது."

அடுத்த ஸ்டேஷனான சானடோரியம் தாண்டும்வரை அந்த ஆள் வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார். குரோம்பேட்டையில் எழுந்துவிட்டார். முட்டி போனவர் யாரும் அன்று ஏறவில்லை. இறால் கூடையோடு ஓர் அம்மாள் ஏறி உட்கார்ந்தாள்.

ரயிலுக்கு வெளியேயும் இடம் பிடிப்பார்: மண்ணெண்ணெய் வரிசையில் தகர டின், ரேஷன் வரிசையில் செங்கல், சைக்கிள் ஸ்டாண்டில் கயிறு. கல்யாணப் பந்தியில் அவரே ஓர் இலை முன்னால் உட்கார்ந்துகொண்டு, சாம்பார் வருவதற்குள் ஏதாவது ஒரு வயசாளியைக் கைநீட்டி அழைத்து உட்காரவைத்துவிட்டு எழுந்துவிடுவார். அவர் முழுதாகச் சாப்பிட்டுப் பார்த்தவர்கள் குறைவு. ஏன் நீங்கள் உட்காருவதே இல்லை என்று ரயிலில் ஒருமுறை கேட்டேன். "உக்காந்தா சொக்கிரும் சார். ரெண்டு ஸ்டேஷன்ல தூங்கிருவேன். அப்பறம் எவன் பாக்கறது?"

எல்லாம் பெருமைக்குரியது என்று சொல்லிவிட முடியாது. ஒருநாள் நான் லீவு. அவருக்குத் தெரியாது. காப்பிக் கலர் கைக்குட்டை கிண்டிவரை தனியாக உட்கார்ந்து போயிருக்கிறது. எதிரில் ஒருத்தி, காய்ச்சலில் துவண்ட பெண் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு நின்றிருக்கிறாள். அவள் கேட்டாளாம்: "ஏன்யா, உன் கர்ச்சீப்புக்குக் கால் நோவுதா? எம்புள்ளய தூக்கினு நான் நின்னுகினு வர்றேன்." மறுநாள் அவர் என்னிடம் பேசவில்லை. என்மேல் கோபம் என்று நினைத்தேன். அவர்மேலேயே கோபம் என்பது பிறகுதான் தெரிந்தது. அதிலிருந்து ஒரு விதி செய்துகொண்டார். அவர் செய்துகொண்ட ஒரே விதி. சானடோரியம் வருவதற்குள் வழக்கமாக உட்காருகிற ஆள் வராவிட்டால் அவர் கைக்குட்டையை எடுத்துவிடுவது.

தொண்ணூறுகளில் என் மனைவிக்கு மார்பில் கட்டி வந்தது. அறுவை சிகிச்சை முடிந்து, மூன்று வாரத்துக்கு ஒருமுறையாக ஆறு முறை நரம்பு வழியே மருந்து ஏற்ற வேண்டும் என்றார்கள். எழும்பூரில் இறங்கிப் போகிற ஆஸ்பத்திரி. அவளுக்கும் ஒரு கைக்குட்டை ஏற்பாடாயிற்று, நீலப்பூ ஓரம். அவள் அவரை "அண்ணா" என்றாள். அவர் அவளை "அக்கா" என்றார். ஒருவரையொருவர் மூத்தவராக்கிக்கொண்டு இருவரும் சௌக்கியமாகப் பேசிக்கொண்டு வந்தார்கள்.

முதல் தடவை திரும்பும்போது டாக்ஸி வைத்தேன். கத்திப்பாரா அருகே டிரைவர் வண்டியை நிறுத்திவிட்டார்; மிச்ச வழிக்கு ரயில்தான். அவரைக் குறை சொல்வதற்கில்லை. அப்படியொரு வாந்தியை நான் அதுவரை பார்த்ததில்லை. வயிற்றில் இருந்தது வந்து, பித்தம் வந்து, பிறகு வருவதற்கு ஒன்றும் இல்லாமலே உடம்பு மட்டும் வளைந்து வளைந்து முயன்றது. வாந்திக்கென்று அப்போது போட்ட ஊசி அவளை ஓரிடத்தில் இருக்கவிடாமல் செய்தது. கால்கள் தாமாக ஆடின. வீட்டில் இரண்டு நாள் கூடத்தில் சுவரைப் பிடித்துக்கொண்டு நடந்தாள், நின்றாள், பேசினுக்கு ஓடினாள்.

இரண்டாம் தடவை போகும்போதே தொடங்கிவிட்டது. குரோம்பேட்டைக்கும் பல்லாவரத்துக்கும் இடையில் அப்போது தோல் பதனிடும் நாற்றம் அடிக்கும். எங்களுக்கெல்லாம் அது மூக்கில் படாத அளவுக்குப் பழகிப்போனது. முதல் தடவை திரும்பும்போது அந்த நாற்றத்தில் அவள் குமட்டியிருக்கிறாள். உடம்பு அதைக் குறித்து வைத்துக்கொண்டது. இப்போது மருந்து ஏறுவதற்கு முன்பே, பல்லாவரத்தில், வெறும் வயிற்றோடு, ஜன்னலுக்கு வெளியே தலையைத் திருப்பிக்கொண்டாள். அதற்கென்றே கடையில் வாங்கிய வெள்ளைத் துண்டு ஒன்று எப்போதும் மடியில் இருக்கும்.

அந்த இரண்டாம் தடவையே ஆஸ்பத்திரியில் இளம் டாக்டரம்மா ஒருத்தி, புது மாத்திரை வந்திருக்கிறது என்றாள். வெளியே மருந்துக்கடையில் வாங்க வேண்டும், விலை அதிகம். எப்படி வேலை செய்யும் என்று நான் கேட்டேன். கேட்காமல் எதற்கும் அனுமதி அளித்து எனக்குப் பழக்கமில்லை.

"நாம ஏத்தற மருந்து குடலோட உள்பக்கத்துல சில செல்களைத் தூண்டிவிடுது சார். அந்தச் செல்லெல்லாம் செரோட்டோனின்னு ஒரு பொருளைக் கொட்டும். பக்கத்துலயே நரம்போட நுனி இருக்கு. அந்த நுனியில இந்தப் பொருள் வந்து உக்கார்றதுக்குன்னே இடம் இருக்கு, ரிசப்டர்னு பேரு. உக்காந்தா நரம்பு மூளைக்குச் சொல்லிடும், மூளை வாந்தி எடுக்க வெச்சிடும். இந்த மாத்திரை முன்னாடியே போய் அந்த இடத்தைப் பிடிச்சுக்கும். செரோட்டோனின் வரும், உக்கார இடமில்லாம சும்மா போயிடும். அதனால ட்ரிப் ஏத்தறதுக்கு ஒரு மணி நேரம் முன்னாடி போடணும். முன்னாடி, அதுதான் முக்கியம்."

"ரயில்ல வரும்போதே அவளுக்கு வந்துடுதே?"

"அதுக்கு இது அவ்வளவா கேக்காது சார். அது குடல்ல ஆரம்பிக்கறது இல்ல, ஞாபகத்துல ஆரம்பிக்கறது."

என் மனைவி இதையெல்லாம் சுவரைப் பார்த்துக்கொண்டு கேட்டாள். மாத்திரையைக் கிண்டியில் போடுவது என்று நான் நேரம் கணக்கிட்டு வைத்தேன். மூன்றாம் தடவை கிண்டியில் அவள் தண்ணீர் குடிப்பதையும் பார்த்தேன். ஆஸ்பத்திரியில் மருந்து ஏறிய சிறிது நேரத்துக்கெல்லாம், பழையபடியே. புது மாத்திரையும் வாந்தியோடு வெளியே வந்து பேசினில் கிடந்தது.

நான்காம் தடவைக்குக் கிளம்ப வேண்டிய காலையில் அவள் குளிக்கவில்லை. அடுப்படியில் உட்கார்ந்திருந்தாள்.

"நான் வரல," என்றாள். "ரெண்டு நாள் வாந்தி எடுக்கறேன். பத்து நாள் அதையே நெனச்சிட்டு இருக்கேன். மிச்ச நாளெல்லாம் அடுத்ததுக்குப் பயந்துட்டு இருக்கேன். இதுல நான் எங்க இருக்கேன் சொல்லுங்க."

பாதியில் நிறுத்தினால் என்ன ஆகும் என்று டாக்டர் எங்கள் இருவரையும் உட்காரவைத்துச் சொல்லியிருந்தார். எங்கோ ஒரு செல் மிச்சமிருந்தாலும் அது திரும்ப வரும். ஒரு கோப்பு நகர மறுத்தால் என்ன செய்வது என்று எனக்குத் தெரியும். முதல் நினைவூட்டல், இரண்டாம் நினைவூட்டல், மேலதிகாரிக்கு ஒரு குறிப்பு. அவளிடம் அது எதுவும் செல்லுபடியாகவில்லை. நான் கத்தினேன், பிறகு கெஞ்சினேன். ரயில் போய்விட்டது.

அன்று சாயங்காலம் அவர் வீட்டுக்கு வந்தார். சைக்கிளைச் சுற்றுச்சுவரில் சாய்த்துவிட்டு, உட்காரச் சொன்னதற்கு வழக்கம்போல உட்காராமல், வாசல் நிலையில் கைவைத்து நின்றார்.

"இன்னாக்கா, வரல? ரெண்டு கர்ச்சீப்பும் சானடோரியம் வரிக்கும் காத்துகினு இருந்துச்சி."

"இனிமே வரல அண்ணா. போதும்."

"புது மாத்திர குட்த்தாங்கன்னு சார் சொன்னாரே."

"அதுவும் கேக்கல. போட்ட மாத்திரையே வெளில வந்துடுச்சு."

"எப்ப போட்டீங்க?"

அவள் என்னைப் பார்த்துவிட்டு அவரிடம் சொன்னாள்: "வாந்தி வந்ததும்."

"கிண்டியில போட்டியே," என்றேன் நான்.

"தண்ணிதான் குடிச்சேன். மாத்திரைய முந்தானையில முடிஞ்சு வெச்சிட்டேன். ஒரு மாத்திரை விக்கற வெலையில, வராத வாந்திக்குப் போய் யாராவது போடுவாங்களா? ஒருவேளை அன்னிக்கு வராமயே இருந்தா, அடுத்த தடவைக்கு ஆகுமேன்னு பாத்தேன்."

பட்டுப்புடவையைப் பீரோவிலும், நல்ல டம்ளர்களைப் பரணிலும், பிஸ்கட் டின்னை அரிசிப் பானைக்குள்ளும் வைத்துக் குடும்பம் நடத்துகிறவளுக்கு இது நியாயமாகத்தான் பட்டிருக்கும். ஆனாலும் எனக்கு ஆத்திரம் வந்தது. டாக்டரம்மா சொன்னதை முதலிலிருந்து, செரோட்டோனின், நரம்பு நுனி, ரிசப்டர் என்று, தலைப்பு உபதலைப்போடு எடுத்துரைத்தேன். அவள் நான் சொல்வதைக் கேட்கவில்லை. அவருடைய சட்டைப்பையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். காப்பிக் கலரும் நீலப்பூவும் வெளியே எட்டிப் பார்த்தன.

"அண்ணா, இந்தக் கர்ச்சீப்பெல்லாம் ஜனங்க ஏறினப்புறம் போட்டா என்ன ஆகும்?"

"ஏறி உக்காந்தவன் எதுக்குக்கா எய்ந்திரிக்கப் போறான்? கர்ச்சீப் மேலயே உக்காந்துகினு வருவான்."

"அதைத்தான் நான் பண்ணியிருக்கேன்," என்றாள்.

அவருக்கு ஒரு நொடி புரியவில்லை. புரிந்ததும் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். தன் தொழில் குடலுக்குள்ளும் நடக்கிறது என்பதில் அவருக்கு ஏற்பட்ட வெட்கம் கலந்த திருப்தியை நான் பிற்பாடு வேறு யார் முகத்திலும் பார்க்கவில்லை.

"அப்ப அடுத்த வாட்டி மொதல்லயே போட்டுர்லாம்," என்றார்.

"பல்லாவரத்துக்கு என்ன போடறது? அங்க ஒண்ணும் ஏத்தாமயே வருதே."

சைக்கிளை எடுக்கத் திரும்பினார். "அத நான் பாத்துக்கறேன். நீங்க வாங்க, அது போதும்."

மறுவாரத்துக்குத் தேதி வாங்கினேன். அன்று அவர் மூன்று இருக்கை பிடித்திருந்தார். தோல் வாடை வரும் மேற்குப் பக்கத்தை விட்டு, கிழக்கு ஜன்னல். அவளுக்கு ஒன்று, எதிரில் எனக்கு ஒன்று, அவள் பக்கத்தில் காலியாக ஒன்று. காலியான இருக்கையில் கைக்குட்டையைப் போட்டு, "அக்கா, பல்லாவரத்துல ஒரு பெரியவர் ஏறுவாரு. ஆபரேசன் ஆன ஒடம்பு. அதுவரிக்கும் இத நீங்கதான் பாத்துக்கணும். எனக்கு அந்தாண்ட வேல கீது," என்று சொல்லிவிட்டு வாசலுக்குப் போய்விட்டார்.

சானடோரியத்தில் மூன்று பேர் அந்த இருக்கைக்கு வந்தார்கள். என் மனைவி, தலையில் முடி இல்லாமல் முக்காடு போட்டுக்கொண்டு, எங்கள் தெருவில் உரக்கப் பேசி அறியாதவள், கையைக் கைக்குட்டைமேல் ஊன்றிக்கொண்டாள். "ஆள் வராங்க." ஒரு கல்லூரிப் பையன், "எங்க வராங்க ஆன்ட்டி?" என்றான். "பல்லாவரத்துல வராங்க. கண்ணு தெரியுதில்ல, கர்ச்சீப் கெடக்குது பாரு." குரோம்பேட்டையில் ஒரு பருத்த அம்மாள் பாதி உட்கார்ந்தேவிட்டாள். "எழுந்திரும்மா. ஆபரேஷன் ஆனவர் வராரு," என்று இவள் அதட்டினாள். வண்டி கிளம்பியது. நாற்றம் வந்தது. எனக்கு அன்றுதான் அது பல வருஷங்களுக்குப் பிறகு மூக்கில் பட்டது. நான் வெள்ளைத் துண்டை எடுத்துப் பிடித்தேன். அவள் அதைத் தள்ளிவிட்டு, எட்டி எட்டி நடைமேடையில் பெரியவரைத் தேடினாள்.

பல்லாவரத்தில் எந்தப் பெரியவரும் ஏறவில்லை. கைக்குழந்தையோடு ஒரு பெண் ஏறினாள். என் மனைவி வாசலைப் பார்த்தாள். அவர் தலையசைத்தார். அவளே கைக்குட்டையை எடுத்துவிட்டு அந்தப் பெண்ணை உட்காரச் சொன்னாள். கிண்டி வந்ததும் வாசலிலிருந்து குரல் வந்தது: "அக்கா, கிண்டி." மாத்திரையைப் போட்டு, வாயைத் திறந்து எனக்குக் காட்டினாள். தணிக்கை.

ஆஸ்பத்திரியில் மருந்து சொட்டுச் சொட்டாக இறங்க, நான் பேசினைக் கையில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். வழக்கமாகத் தொடங்குகிற நேரம் வந்து, போயிற்று. அவள் கண்ணை மூடிக்கொண்டு எதையோ எதிர்பார்த்துக் காத்திருந்தாள். ரொம்ப நேரம் கழித்துக் கண்ணைத் திறந்து, "எதுக்கு அதைப் பிடிச்சிட்டே இருக்கீங்க? கீழ வைங்க," என்றாள். பிறகு, "பசிக்குது," என்றாள்.

மாயம் ஒன்றும் நடந்துவிடவில்லை. மூன்றாம் நாள் கொஞ்சம் குமட்டியது, ஒருமுறை எடுத்தாள். மாத்திரை பிடித்துவைத்த இடம் சில மணி நேரத்துக்குத்தான், அதற்குள் அடுத்ததைப் போட வேண்டும் என்பதை அவளே எனக்கு விளக்கினாள். சானடோரியம் வந்ததும் கைக்குட்டையை எடுத்துவிடுகிற மாதிரி, என்றாள். ஆனால் சுவரைப் பிடித்துக்கொண்டு நடக்கவில்லை. ஐந்தாம் தடவைக்குத் தானே குளித்துவிட்டு நின்றாள்.

திரும்பும் பயணத்துக்கும் அவர் ஒரு வழி செய்திருந்தார். சாயங்காலம் எழும்பூரில் தாம்பரம் வண்டியில் நிற்கக்கூட இடம் இருக்காது. அதனால் எதிர்த்திசை வண்டியில் காலியாகக் கடற்கரைக்குப் போய், அதே இருக்கையில் இருந்தபடியே திரும்புவது. எழும்பூர்–தாம்பரம் டிக்கெட்டில் இது செல்லாது என்றேன். "அப்ப பீச்சுக்கும் வாங்கிக்குங்க சார், யார் வாணான்னா?" என்றார். வாங்கினேன்.

ஆறாவது, கடைசித் தடவை. எங்கள் வண்டி கடற்கரை ஸ்டேஷனுக்குள் நுழைந்தபோது, வேலை முடிந்து அங்கே எங்களோடு ஏறுகிற அவரைக் காணவில்லை. துறைமுகத்தில் கப்பல் வந்த நாள், தாமதமாகியிருக்கும். கூட்டம் உள்ளே பாய்ந்தது. என் மனைவி மடியிலிருந்த வெள்ளைத் துண்டை எடுத்தாள். இரண்டு தடவையாக ஒரு துளி கறை படாமல், மடிப்புக் கலையாமல் அது வந்துகொண்டிருந்தது. அந்தத் துண்டில்தான் அவள் இப்போதும் தலை துவட்டுகிறாள். அன்று துவட்டுவதற்கு முடி இல்லை. அதை விரித்துப் பக்கத்து இருக்கையில் போட்டாள்.

"யாருக்கும்மா?" என்றார் ஒருவர்.

"வர்றவங்களுக்கு," என்றாள்.

வண்டி நகரும்போதுதான் அவர் ஓடிவந்து ஏறினார். வழக்கம்போல வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

"அண்ணா, இங்க."

"பரவால்லக்கா. நான் நிக்கறேன்."

"துண்டு போட்டு வெச்சிருக்கேன். இத்தனை பேர்கிட்ட பதில் சொல்லியிருக்கேன். வந்து உக்காருங்க."

பெட்டியே அவரைப் பார்த்தது. அவர் வந்து, துண்டை எடுத்து மடித்து அவளிடம் கொடுத்துவிட்டு, அடுத்தவர் வீட்டு நாற்காலியில் உட்காருவதுபோல நுனியில் உட்கார்ந்தார். எழும்பூரில் கொஞ்சம் பின்னால் சாய்ந்தார். நுங்கம்பாக்கத்தில் தூங்கிவிட்டார். அவர் சொன்னது உண்மைதான். மாம்பலம், கிண்டி, பல்லாவரம் எதுவும் அவருக்குத் தெரியவில்லை. பல்லாவரத்தில் என் மனைவி மூக்கைச் சுளித்து, "என்ன நாத்தம்," என்றாள். அவ்வளவுதான்.

தாம்பரம் வந்தது. பெட்டி காலியாயிற்று. நான் அவரைத் தொட்டு எழுப்பப் போனேன்.

"கொஞ்சம் தூங்கட்டுமே," என்றாள்.

"வண்டி இப்ப திரும்பிடும். நம்மகிட்ட டிக்கெட் கெடையாது."

அவள் ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டிருந்தாள். வெளியே யாரோ ஊதல் ஊதினார்கள். நான் கையை எடுத்துக்கொண்டு திரும்ப உட்கார்ந்தேன். வண்டி கிளம்பியது.